அழுகைக்குத் தனிக் கவுண்டர்

ஒரு நிமிசம் இரு தாயி, போன் அடிக்குது.

"ஆமாங்க, கோமளா குறைதீர்ப்பு மையந்தான். குறைய மட்டும் சொல்லுங்க. அழுகைக்குத் தனிக் கவுண்டர்."

வச்சுட்டான். இனி கொஞ்ச நேரம் சும்மா கெடக்கும். நீ சன்னல் பக்கமே இருந்துக்க, எனக்கு வேணாம். பஸ்சு ஓடுற காத்துல போன் சத்தம் கேக்காது. இந்தத் தூக்குவாளிய மட்டும் காலுக்கு நடுவுல வச்சுக்கிறேன். மாவு இருக்கு. திருப்பூர் போறதுக்குள்ள புளிச்சுரும்னு தெரியும், இருந்தாலும் வெறுங்கையோட போக மனசு வரல.

சிரிக்கிற பாத்தியா. நீயும் டிவியில அந்தக் கூத்தப் பாத்திருக்க. சிரி, நான் ஒண்ணும் நெனைக்க மாட்டேன். ஆனா நான் கோமளா இல்ல. கோமளாங்கிறது ஒரு ஆம்பள, சேலையக் கட்டிக்கிட்டு, முன்னால ஒரு மேசையப் போட்டு உக்காந்திருப்பான். நான் வேலுத்தாயி. சாத்தூர்ல வீட்டுலயே இட்லி மாவு ஆட்டி விக்கிறேன். வீட்டுக்காரரு போயி எட்டு வருசமாச்சு. எனக்கு இருக்கிறது ஒரே மக. அவ இருக்காளா இல்லையான்னு பாக்கத்தான் இப்பப் போறேன்.

மொதல்லருந்து சொல்றேன். நீ திருப்பூர்தான? அப்பச் சரி, நேரம் கெடக்கு.

டிவியில ஞாயித்துக்கெழமை ராத்திரி சாப்பாட்டு நேரத்துக்கு ‘அலப்பறை அக்கம்பக்கம்’னு ஒண்ணு போடுறாகல்ல. நம்ம வீட்டுல நடக்கிற கோணங்கித்தனத்தையெல்லாம் துண்டு துண்டா நடிச்சுக் காட்டுவாக. நல்லாத்தான் இருக்கும், பொய் சொல்லக் கூடாது. ஆனி மாசம் இந்தக் கோமளாவப் போட்டாக. குடும்பக் குறையெல்லாம் கேக்கிற ஆபீசாம். ஒருத்தி வந்து, "மேடம், எங்க வீட்டுக்காரரு பால் பாக்கெட்ட வெட்டும்போது மூலைய முழுசா வெட்டி எறிஞ்சுர்றாரு, ஒட்டிக்கிட்டு நிக்கிற மாதிரி வெட்டத் தெரியல"ங்கிறா. ஒரு ஆளு, "மேடம், பக்கத்து வீட்டுக்குக் குழம்பு குடுத்து விட்ட டப்பா வந்துருச்சு, மூடி வரல"ங்கிறான். இன்னொருத்தி ரிமோட்டு. புதுப் பேட்டரி வாங்காம ரெண்டு வருசமா ரிமோட்ட உள்ளங்கையில அடிச்சு அடிச்சே ஓட்டுறாராம் மாமனாரு. சொல்லும்போதே ஒவ்வொருத்தரும் ஓன்னு அழுவாக. ஒடனே அந்தக் கோமளா கண்ணாடிய எறக்கிவிட்டு, "குறைய மட்டும் சொல்லுங்க. அழுகைக்குத் தனிக் கவுண்டர்"னு சொல்லும். அங்கிட்டுப் பாத்தா நெசமாவே ஒரு கவுண்டர், வரிசையில பத்துப் பேரு நின்னு அழுதுக்கிட்டிருப்பான். நானும் வயித்தப் புடிச்சுக்கிட்டுச் சிரிச்சேன் தாயி. சிரிச்சு முடிக்கல, போன் அடிச்சுச்சு.

அந்த ஆபீசு போர்டுல ஒரு போன் நம்பரு எழுதியிருந்தாக. அது எந் நம்பரு.

அது எப்பிடி வந்துச்சுன்னு அப்புறம் டிவிக்காரவுககிட்டயே கேட்டேன். வழக்கமா இந்த மாதிரி போர்டுல ஒம்பது எண்ணுதான் போடுவாகளாம், யாருக்கும் போகக் கூடாதுன்னு. போர்டு எழுதுறவரு சரியாத்தான் ஒம்பது போட்டிருக்காரு. படம் புடிக்கப் போற நேரம் டைரக்டரு பாத்துட்டு, "என்னய்யா, பாத்தாலே பொய்னு தெரியுது, கடைசியில இன்னொண்ணு சேரு"ன்னுருக்காரு. அவரு ஒரு நாலு சேத்துட்டாரு. அவ்வளவுதான். எவனோ ஒருத்தன் ஏணியில நின்னுக்கிட்டு ஒரு நாலு போட்டதுக்கு நான் மூணு மாசமாச் சாகுறேன்.

அன்னைக்கு மட்டும் எரநூறு போனு வந்திருக்கும். எடுத்தா, "கோமளா மேடமா? எங்க வீட்டு எருமை ஃபேன நிறுத்தாமப் போயிருச்சு"ம்பான். பின்னால நாலு பேரு சிரிப்பான். எங் குரலு வேற கட்டைக் குரலா, அந்த ஆம்பள பொம்பளை மாதிரிப் பேசுறதும் எங் குரலும் ஒண்ணு போலவே இருக்கு. "அய்யோ அதே வாய்சுடா"ன்னு கத்துறான். அந்த டயலாக்கச் சொல்லு சொல்லுன்னு கெஞ்சுறான். திட்டினா திரும்பத் திரும்பப் போடுறான். அழுதா ரெக்கார்டு பண்றான். ஒரு வாரத்துல கண்டுபிடிச்சேன், அந்த ஒரு வரியச் சொல்லிட்டா ஒடனே சிரிச்சுட்டு வச்சுர்றானுக. லைனு காலியாயிருது. எனக்கு வேண்டியது அதுதான, லைனு காலியா இருக்கணும். அதனால எடுத்த ஒடனே சொல்லப் பழகிட்டேன்.

நம்பர மாத்த வேண்டியதுதானன்னு நீயும் கேப்ப. எல்லாரும் கேட்டாச்சு. தெரியாத நம்பரு வந்தா அடிக்காம இருக்கிறதுக்குப் போன்லயே வசதி இருக்குன்னு கேபிள்காரரு சொன்னாரு. ஏங்க, எம் மக நம்பரே எனக்குத் தெரியாத நம்பருதாங்கன்னேன்.

நாகஜோதி அவ பேரு. வர்ற தை வந்தா மூணு வருசமாச்சு வீட்ட விட்டுப் போயி. காலேசு முடிச்சுட்டு வீட்டுல இருந்தா. எட்டாப்பு படிக்கும்போதுருந்து மாவுக் கவரு மேல எல்லாம் அவதான் மை பேனாவுல இந்த நம்பர எழுதுவா. தெனமும் எம்பது கவரு, நூறு கவரு. அவளுக்கு எந் நம்பரு கண்ண மூடிக்கிட்டு வரும். வேற யாரு நம்பரும் தெரியாது அவளுக்கு.

நான் அவள ஒண்ணும் சொன்னதில்ல தாயி. நீயே கேளு, நடந்தத அப்பிடியே சொல்றேன். அன்னைக்குக் காலையில யாவார நேரம். நான் மாவ அள்ளி அள்ளி ஊத்திக்கிட்டிருக்கேன், வாசல்ல ஆளு நிக்குது. இவ கொல்லப்பக்கத்துலருந்து அழுதுக்கிட்டே வந்து, "அம்மா, ஒங்கிட்ட ஒண்ணு சொல்லணும்"னு நிக்கிறா. எதுக்கு அழுதான்னு எனக்கென்ன சோசியமா தெரியும். "மாவுக்கிட்ட நின்னு அழாத, மொதல்ல போயி மூஞ்சியக் கழுவிட்டு வந்து ஒழுங்காச் சொல்லு"ன்னேன். இதுல என்ன தப்பு? கண்ணீரு மாவுல விழுந்தா எவன் வாங்குவான்? சரின்னு போனா. மூஞ்சி கழுவப் போனவதான், திரும்பி வரவே இல்ல.

மறுநாளு போலீஸ் ஸ்டேசன்லருந்து கூப்பிட்டாக. போனா, மாலையோட நிக்கிறா. பக்கத்துல அந்தப் பய, அற்புதராஜுன்னு பேரு, கரண்டு வேலை பாக்கிறவன். எங்க வீட்டு மோட்டாரு ரிப்பேரானப்ப வந்தவன்தான். நான் நாலு தோசை ஊத்திக் குடுத்தேன் அவனுக்கு, கேட்டுக்க. எங்க ஆளுக கெடையாது. நான் அங்க ஒண்ணும் பெருசாப் பேசல. மண்ண வாரித் தூத்தல, ஊரக் கூட்டல. "நீ செத்தாலும் எனக்குச் சொல்லி விடாத"ன்னு ஒரே ஒரு வார்த்தைதான் சொன்னேன். கோவத்துல பெத்தவ சொல்றதுதான? அதப் போயி மனசுல வச்சுக்கிறதா? ஆனா கெளம்பும்போது அவ ஓடியாந்து என் முந்தானையப் புடிச்சுக்கிட்டா. "நம்பர மட்டும் மாத்திராதம்மா. நானா ஒரு நாளு கூப்பிடுவேன்"னா. நான் கைய ஒதறிட்டு வந்துட்டேன். ஒதறிட்டு வந்தேனே தவிர நம்பர மாத்தல பாரு. அதச் சொல்லணும்ல. மூணு வருசமா ரீசார்ஜு ஒரு நாளு தவறினதில்ல.

மூணு வருசமா அவ கூப்பிடல. மூணு மாசமா ஊரே கூப்பிடுது.

டிவிக்காரவுகளுக்குப் போன் போட்டேன். ஒரு பொண்ணு எடுத்துச்சு, நல்ல புள்ள, மரியாதையாத்தான் பேசுச்சு. "ஸாரிம்மா, நம்பர மறைச்சுட்டோம், ஆனா செல்போன்ல எல்லாருக்கும் பரவிருச்சு, அத ஒண்ணும் பண்ண முடியாது. நீங்க புது சிம்மு வாங்கிக்கங்க, கம்பெனி சார்பா ஒரு மிக்சியும் தர்றோம்"னுச்சு. மாவு அரைக்கிறவளுக்கு மிக்சி. அப்புறம் ஒரு வாரம் கழிச்சு அதுவே கூப்பிட்டு, "அம்மா, ஒங்கள ஷோவுக்கே கூப்பிடலாம்னு டைரக்டரு சொல்றாரு, அசல் கோமளான்னு அந்த நடிகரு பக்கத்துல உக்கார வைக்கிறோம்"னுச்சு. வர்றேன் தாயி, கண்டிப்பா வர்றேன், ஒரே ஒரு வார்த்தை எம் மகளப் பேரு சொல்லிக் கூப்பிட்டுக்கிறேன், அவ எங்கயாவது இருந்து பாப்பான்னேன். அது தயங்கித் தயங்கி, "அம்மா, இது காமெடி ப்ரோகிராம். அழுகைக்கெல்லாம் வேற ப்ரோகிராம் இருக்கு, சனிக்கெழமை மத்தியானம் ரெண்டு மணிக்கு, அவங்க நம்பரு தரட்டுமா?"ன்னுச்சு. வேணாம்னு வச்சுட்டேன்.

இரு, அடிக்குது. இது தெரியாத நம்பரு. இந்தத் தடவை அதச் சொல்ல மாட்டேன். அலோன்னு மட்டும் சொல்லணும். காலையில கோயில்ல சூடம் ஏத்தி வேண்டிக்கிட்டு வந்திருக்கேன்.

"அலோ... குறைய மட்டும் சொல்லுங்க. அழுகைக்குத்..."

பாத்தியா. பாத்தியா தாயி, தன்னால வந்துருச்சு. நான் நெனைக்கல, வாயி சொல்லிருச்சு. நல்ல வேளை, சிரிச்சான். மூணு பேரு சிரிச்சானுக. அவ இல்ல. அப்பாடா.

சிரிப்புத்தான் எனக்கு அடையாளம். அதச் சொல்லலல்ல ஒங்கிட்ட. நான் அந்த வரியச் சொன்னதும் பின்னால சிரிப்பு வரும், எப்பவும் வரும். ஒரே ஒரு தடவை வரல. அது ஆவணியில, கரூர்லருந்து ஒரு ஆளு. ரிமோட்டுப் பேட்டரின்னுதான் ஆரம்பிச்சாரு. நான் சொல்ல வேண்டியதச் சொன்னேன். சிரிக்கல. "அம்மா, எங்க வீட்டுல யாரும் எங்கிட்டப் பேசுறதில்லம்மா. பேட்டரி போயிருச்சுன்னு சொல்றதுக்குக்கூட ஆளு இல்ல"ன்னு சொல்லி அழ ஆரம்பிச்சுட்டாரு. அடுப்புல சோறு கொதிக்குது, நான் அணைச்சுட்டு உக்காந்துட்டேன். இருவது நிமிசம். நடுவுல ஒரு வார்த்தை பேசல, ம் கொட்டிக்கிட்டே இருந்தேன். வைக்கும்போது, "ஒங்கள மாதிரிப் பொறுமையாக் கேக்க யாருமே இல்லம்மா"ன்னாரு. யாரோ ஒருத்தருக்கு எம் பொறுமை தெரியுது. பெத்த மகளுக்குத் தெரியல.

என்ன அப்பிடிப் பாக்கிற? நான் அவகிட்டப் பொறுமையா இல்லன்னு நெனைக்கிறியா? ஒரு தடவை தோசைக் கரண்டிய வீசினேன், ஆமா. சும்மா சொவத்தப் பாத்து வீசினேன், அவதான் குறுக்க வந்தா. எடது புருவத்துல ஒரு சின்னத் தழும்பு. அதுவும் பத்தாப்பு பரீட்சை அப்ப. அதெல்லாம் எந்த வீட்டுல நடக்கல? டிவியிலயே போடுறான்ல.

முந்தாநாளு நடந்ததச் சொல்றேன். அதுக்குத்தான் இவ்வளவும் சொன்னது.

பதினோரு மணி இருக்கும். கடைசிக் கவரக் கட்டிக்கிட்டிருந்தேன். காலையிலருந்து பதிமூணு போனு வந்தாச்சு. பதினாலாவது அடிச்சுச்சு. கையெல்லாம் மாவு, முழங்கையால தட்டி எடுத்து ஸ்பீக்கர்ல போட்டேன். அங்கிட்டு ஒரு பொண்ணு. மூச்ச இழுத்து இழுத்து அழுகுது. "அம்மா... நாந்தாம்மா"ங்குது. தாயி, அப்பிடி ஆரம்பிக்கிறவனுக எத்தனை பேருன்னு ஒனக்குத் தெரியாது. பொம்பளப் புள்ளைகளும் பண்ணுதுக, காலேசுப் புள்ளைக. "அம்மா நாந்தாம்மா, ஒங்க பழைய குக்கரு"ன்னு ஒண்ணு சொல்லுச்சு. "நாந்தாம்மா, ஒங்க டப்பா மூடி"ன்னு ஒண்ணு. நான் நிமிந்துகூடப் பாக்கல. கவர முடிச்சுப் போட்டுக்கிட்டே சொன்னேன். என்ன சொன்னேன்னு ஒனக்கே தெரியும். முழுசாச் சொன்னேன். அந்தக் கோமளா மாதிரியே கொஞ்சம் இழுத்துச் சொன்னேன்.

சிரிப்பு வரல.

நான் அத ஒடனே கவனிக்கல. அதுதான் இப்ப நெஞ்ச அறுக்குது. அந்தப் பக்கம் தூரத்துல ஒரு கைக்கொழந்த அழுகுற சத்தம். அப்புறம் கட்டாயிருச்சு. நான் அடுத்த கவர எடுத்தேன். மாவ ஊத்துறேன், ஊத்துறேன், நெறஞ்சு வழியுது, அப்பத்தான் ஒறைக்குது. ஏன் சிரிக்கல?

திருப்பிப் போட்டா ஒரு ஆம்பள எடுக்கிறான். திருப்பூர்ல ஏதோ பேக்கரியாம். "ஒரு பொண்ணு வந்து அவசரமா ஒரு போன் பண்ணிக்கிறேண்ணான்னு கேட்டுச்சு, குடுத்தேன். இடுப்புல கொழந்த. ரெண்டு வார்த்தை பேசுச்சு, அதுக்குள்ள வச்சுருச்சு"ங்கிறான். எப்பிடிப் போச்சுன்னேன். "கண்ணத் தொடச்சுக்கிட்டே போச்சும்மா. இங்க குழாயில மூஞ்சியக் கழுவிட்டுப் போச்சு"ங்கிறான். புருவத்துல தழும்பு இருந்துச்சாப்பான்னு கேட்டேன். கவனிக்கலம்மான்னான்.

மூஞ்சியக் கழுவிட்டுப் போயிருக்கா தாயி.

மறுபடி வந்தா எங்கிட்டச் சொல்லுப்பா, கையப் புடிச்சு உக்கார வையிப்பான்னு அவன்கிட்ட அழுதேன். அவனுக்கு ஆயிரம் சோலி, சரிம்மா சரிம்மாங்கிறான். நேத்து நாலு தடவை போட்டேன், இப்ப எடுக்க மாட்டேங்கிறான். அதான் கெளம்பிட்டேன். பழைய பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால கடைன்னு மட்டும் சொன்னான். ஊருல எத்தனை பேக்கரி இருக்கும்? எத்தனை இருந்தாலும் வாசல்ல குழா இருக்கிற பேக்கரியாப் பாத்துப் பாத்து ஏறி எறங்க வேண்டியதுதான். அவளுக்கு என்ன கஷ்டமோ. மூணு வருசமா வீம்பா இருந்தவ, அடுத்தவன் போன வாங்கி அழுதான்னா சும்மாவா அழுதிருப்பா? அந்தப் பய விட்டுட்டானா, கொழந்தைக்கு முடியலையா, ஒண்ணும் தெரியல. எனக்குப் பேரனா பேத்தியான்னுகூடத் தெரியல. ரெண்டு நாளாச் சோறு எறங்கல எனக்கு. அவ நெசமாவே மறுபடி எடுத்து எந் நம்பர அடிக்கணும்னா, நான் அப்பிடிச் சொன்னதுக்கப்புறம், எந்த மொகத்த வச்சுக்கிட்டு அடிப்பா?

தாராபுரம் வந்துருச்சா. ஆளுக எறங்குறாக. கால மடக்கிக்க.

ஒங்கிட்ட ஒண்ணு கேக்கணும் தாயி. சிரிக்காமக் கேளு. எனக்கு என் வாய் மேலயே நம்பிக்கை இல்ல. இப்பக்கூடப் பாத்தல்ல, வேண்டாம் வேண்டாம்னு நெனைச்சுக்கிட்டே எடுத்தேன், எடுத்த ஒடனே வந்து விழுந்துருச்சு. மூணு மாசமா ஒரே வரி. அவ மறுபடி கூப்பிட்டு, மறுபடி நான் அதச் சொல்லிட்டேன்னு வையி, அத்தோட முடிஞ்சுச்சு. மூணாவது தடவை எவளும் கூப்பிட மாட்டா.

அடிக்குது.

திருப்பூரு நம்பரா என்னன்னு எனக்கு எப்பிடித் தெரியும், எல்லாம் ஒரே மாதிரித்தான இருக்கு. பேக்கரிக்காரன் நம்பரு இல்ல இது. வேற. இந்தா, நீ எடு. ஆமா, நீதான். என் வாயப் பொத்திக்கிறேன், இந்தா, முந்தானைய வச்சு அடைச்சுக்கிறேன். சிரிச்சா வச்சுரு. சிரிக்கலன்னா, ஒங்கம்மா பக்கத்துல இருக்காகன்னு மட்டும் சொல்லு. அப்புறம் எதுவும் சொல்லாத. அழுதா அழட்டும். எவ்வளவு நேரமானாலும் அழட்டும், நடுவுல பேசாத, மூஞ்சி கீஞ்சி கழுவச் சொல்லிராத. அவ அழுது முடிக்கிற வரைக்கும் வைக்காத.

எடு தாயி, நின்னுரப் போகுது.